இரண்டு விரல் காட்டினேன்

3 செப்டம்பர் 1975

இந்த டைரியை ஃபிலிம் கம்பெனி ஏஜெண்ட் ஜனவரியில் கொடுத்தார். எட்டு மாதம் அலமாரியில் சும்மா கிடந்தது. இன்றிலிருந்து எழுதுகிறேன். என்னைச் சுற்றி ஏதோ நடக்கிறது. என்ன என்று பிடிபடுகிற வரை தேதி போட்டு எழுதி வைப்பது நல்லது.

முதலில் பூவராகன். என் கேமரா அசிஸ்டெண்ட், முப்பத்தைந்து வயது, சிதம்பரத்துக்காரன். ஆறு வருஷமாக என்னிடம் இருக்கிறான். குரலை உயர்த்திப் பேச மாட்டான். அப்படிப்பட்டவர்களை நான் நம்புவதில்லை. இன்று சாப்பாட்டு வேளையில் புரொடியூசரோடு வேப்பமரத்தடியில் பத்து நிமிஷம் நின்று பேசினான். நான் வருவதைப் பார்த்ததும் இரண்டு பேரும் சிரித்தார்கள். என்ன பேச்சு என்று கேட்டேன். "ஒண்ணுமில்ல சார், அவர் பொண்ணுக்கு ஸ்கூல் அட்மிஷன் பத்தி" என்றான். செப்டம்பரில் என்ன அட்மிஷன்?

என் இடத்துக்கு ஆசைப்படுகிறான். படட்டும். நான் சேலத்தில் கேமரா பெட்டி தூக்கித் தொடங்கியவன். இருபத்து மூன்று வருஷத்தில் முப்பத்தோரு சண்டைப் படம். வாள், சிலம்பம், மான்கொம்பு, சுருள்வாள், இப்போது கராத்தே. கோடம்பாக்கத்தில் எனக்குப் பெயரே 'சண்டை தயாபரன்'. காதல் காட்சி எடுக்க யாரும் என்னைக் கூப்பிட்டதில்லை. அதில் எனக்கு வருத்தம் உண்டு. கலர் படத்துக்கும் கூப்பிட்டதில்லை. அதில் வருத்தம் அதைவிட அதிகம்.

5 செப்டம்பர்

மண்ணெண்ணெய் வாங்கப் போய் ஒரு மணி நேரம் நின்றேன். எனக்கு முன்னால் நின்றவர் இரண்டு கார்டு வைத்திருந்தார். கடைக்காரனும் உடந்தை.

ஒரு சினிமாப் பத்திரிகையில் எங்கள் ஹீரோ இளவழகனைக் கிண்டல் செய்து எழுதியிருக்கிறார்கள். "இளவழகன் சண்டை போட்டால் பின்னால் பறக்கும் கொடியும் சேர்ந்து படபடவென்று சண்டை போடுகிறது. கேமராமேனுக்கு ஒரு கும்பிடு." அவருக்கு ஐம்பத்தொரு வயது. காலையிலிருந்து யாரோடும் பேசவில்லை.

இந்த ரகசியம் வெளியே எப்படிப் போனது? எல்லாச் சண்டைப் படத்திலும் செய்வதுதான். சாதாரணமாக கேமரா விநாடிக்கு இருபத்து நாலு ஃபிரேம் ஓடும். சண்டைக்கு நான் பதினாறில் ஓட்டுவேன். தியேட்டரில் அது இருபத்து நாலில் ஓடும்போது அடி ஒன்றரை மடங்கு வேகமாகத் தெரியும். அதனால் சண்டை போடுகிறவர்கள் மெதுவாகவே அசைவார்கள், யாருக்கும் காயம் படாது. கொடி, புகை, தண்ணீர் இவைதான் காட்டிக்கொடுக்கும்.

ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் நான் கையை உயர்த்துவேன். ஒரு விரல் என்றால் நிஜ வேகம். இரண்டு விரல் என்றால் பதினாறு. சண்டை மாஸ்டர் கோதண்டபாணி அதைப் பார்த்து "மெதுவா கை!" என்று கத்துவார். அவருடைய ஆட்கள் அத்தனை பேரும் உடனே மெதுவான தாளத்துக்கு மாறிவிடுவார்கள். சேலத்திலிருந்து இந்த வழக்கம். இதைப் பத்திரிகைக்காரனுக்குச் சொன்னது யார்? பூவராகன் தவிர வேறு யார்?

9 செப்டம்பர்

டைரியின் மேல் ஒரு கறுப்பு நூலைக் குறுக்கே வைத்துவிட்டுப் போனேன். சாயங்காலம் வந்து பார்த்தால் நூல் இருக்கிறது, ஆனால் நான் வைத்த மாதிரி இல்லை. வீட்டில் என்னையும் சுகிர்தத்தையும் தவிர ஆள் இல்லை. சுகிர்தம் என் மனைவி. கேட்டால் கோபித்துக்கொள்வாள், கேட்கவில்லை. இனி கவனமாகத்தான் எழுத வேண்டும்.

11 செப்டம்பர்

இன்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். நாளை யாராவது கேட்டால் இது இருக்கும்.

கோட்டை வாசல் செட். இளவழகன் சிலம்புக் கம்போடு வருகிறார். எதிரே எத்திராஜ். வியாசர்பாடிக்காரன், மாஸ்டரின் ஆட்களில் மூத்தவன், பதினோரு வருஷமாக என் படங்களில் அடி வாங்குகிறான். கம்பு முகத்துக்கு நேரே வரும்போது எத்திராஜ் பின்னால் சாய்ந்து விழ வேண்டும். இரண்டு டேக் எடுத்தோம். இரண்டும் பதினாறில். இரண்டும் இளவழகனுக்குப் பிடிக்கவில்லை. பின்னால் கொடி பறக்கிறது என்றார்.

டீ பிரேக்கில் அவர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு அவருடைய அடுத்த படத்தைப் பற்றிப் பேசினார். கலர் படம். நான்தான் கேமரா என்றார். வேறு எதுவும் பேசவில்லை.

மூன்றாவது டேக். நான் இரண்டு விரல் காட்டினேன். மாஸ்டர் "மெதுவா கை!" என்று கத்தினார். இளவழகன் வந்த வேகத்தில் கம்பு எத்திராஜின் இடது கண்ணில் இறங்கிவிட்டது. அவன் சாயத் தொடங்கவே இல்லை. தாளத்துக்குக் காத்து நின்றிருந்தான்.

ரத்தம். வேனில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். போகும்போது மாஸ்டர் என்னைத் திரும்பிப் பார்த்தார். ஏன் என்னைப் பார்க்க வேண்டும்?

பிறகு பார்த்தால் கேமராவின் வேகம் காட்டும் முள் இருபத்து நாலில் நிற்கிறது. டயலுக்குப் பக்கத்தில் நின்றவன் பூவராகன்.

12 செப்டம்பர்

கண் ஆஸ்பத்திரிக்குப் போனேன். எத்திராஜுக்குத் தலையைச் சுற்றிக் கட்டு. என் குரலைக் கேட்டதும் எழுந்து உட்காரப் பார்த்தான்.

"படுத்துக்கோ" என்றேன்.

"நல்லாக்கீறேன் சார். கேமரா மேல கம்பு கிம்பு படலியே?"

இல்லை என்றேன். அவன் மனைவி தேசம்மா ஸ்டூலை எனக்கு நகர்த்திப் போட்டாள். அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். யாரோ அவளிடம் ஏதோ சொல்லி வைத்திருக்கிறார்கள் என்று தோன்றியது. ஆறு ஆரஞ்சு வாங்கிக்கொண்டு போயிருந்தேன், கொடுத்துவிட்டு வந்தேன்.

14 செப்டம்பர்

இடது கண் போய்விட்டது.

15 செப்டம்பர்

மாஸ்டர் வீட்டுக்கு வந்தார். ராயபுரத்தில் அப்பா காலத்திலிருந்து கம்பு சுற்றுகிற குடும்பம். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"சார், நீங்க ரெண்டு வெரலு காட்டுனீங்க. நான் கத்துனேன். நம்ம பசங்க எல்லாரும் மெதுவா கைல தான் நின்னானுங்க. அவரு மட்டும் எப்பிடி அந்த வேகத்துல வந்தாரு? கேட்டேன். முள்ளு இருவத்தி நாலுல இருந்திச்சி, மோட்டார் சத்தமும் அப்பிடித்தான் கேட்டிச்சி, அதனால நிஜ வேகம்னு நெனச்சிட்டேன்னு சொல்றாரு. முள்ளை யாரு சார் தள்ளுனது?"

"நான் பதினாறுல வச்சேன்" என்றேன்.

"அப்போ?"

"பூவராகன் பக்கத்துல நின்னான்" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். அவன் செய்தான் என்று நான் சொல்லவில்லை. நின்றான் என்றேன். நின்றது உண்மைதானே.

மாஸ்டர் காபி குடிக்காமல் போய்விட்டார்.

18 செப்டம்பர்

சண்டைக்காரர்கள் சங்கம் விசாரணை வைக்கிறது. 28ஆம் தேதி. டயலைத் திருப்பியவன் யார் என்று முடிவானால் அவனோடு இனி எந்தச் சண்டைக்காரனும் வேலை செய்ய மாட்டான். சண்டைக்காரன் வராத கேமராமேனுக்குக் கோடம்பாக்கத்தில் என்ன வேலை? கல்யாணம், காதுகுத்துக்கு ஃபோட்டோ எடுக்கலாம்.

இளவழகனின் மேனேஜர் போனில் பேசினார். "அண்ணன் உங்க மேல முழு நம்பிக்கை வெச்சிருக்காரு. அவர் பார்த்ததைத்தான் சொல்லியிருக்காரு. நீங்களும் பார்த்ததை மட்டும் சொல்லுங்க." பார்த்ததை, பார்த்ததை என்று ஏன் இரண்டு தடவை சொன்னார்?

சுகிர்தம் இரண்டு நாளாக ரசத்தில் உப்புப் போட மறக்கிறாள். அல்லது வேண்டுமென்றே.

20 செப்டம்பர்

லேபிலிருந்து அன்று எடுத்த ஷாட்டின் ரஷ் பிரிண்ட் வந்தது. தியேட்டரில் மாஸ்டர், புரொடியூசர், நான், பூவராகன். மூன்று டேக்கும் போட்டார்கள். மூன்றாவதில் இளவழகன் நிஜமாகவே வேகமாக வருகிறார். பின்னால் கொடி சாதாரணமாகப் பறக்கிறது. எத்திராஜ் நிற்கிறான். அதற்கு மேல் நான் பார்க்கவில்லை.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். அந்த வெளிச்சம்! கோட்டைக் கல்லின் சொரசொரப்பு, எத்திராஜ் நெற்றியில் வேர்வை, கம்பின் பூண், எல்லாம் தனித்தனியாகத் தெரிகிறது. மூன்று டேக்கும் ஒரே அளவு. இருபத்து மூன்று வருஷ அனுபவம் சும்மா இல்லை. லென்ஸில் வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கிற வளையத்தை என்னைத் தவிர ஒருவரும் தொடக் கூடாது என்று நான் சட்டம் போட்டிருப்பது இதற்காகத்தான்.

பூவராகன் மூன்றாவது டேக்கை மறுபடி போடச் சொன்னான். பிறகு இன்னொரு தடவை. விளக்குப் போட்டதும் என்னைப் பார்த்தான், வணக்கம் சொல்லிவிட்டு லேப் பக்கம் நடந்தான். லேபில் இவனுக்கு என்ன வேலை?

22 செப்டம்பர்

எழுத்து மூலம் வாக்குமூலம் கொடுத்தேன். 'வேகத்தைப் பதினாறில் வைத்துவிட்டு வியூ ஃபைண்டரில் பார்த்துக்கொண்டிருந்தேன். அதன் பிறகு டயல் பக்கம் என் கவனம் இல்லை. பக்கத்தில் உதவியாளர் பூவராகன் இருந்தார்.' கையெழுத்துப் போடும்போது பேனா மசி விட்டது.

விசாரணை முடிகிற வரை பூவராகனை வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

24 செப்டம்பர்

பத்து மணிக்குப் பூவராகன் வந்தான். வெளுத்த சட்டை. சண்டை போட வந்திருக்கிறான் என்று நினைத்து முன்கதவைத் திறந்தே வைத்தேன், அக்கம்பக்கத்தார் பார்க்கட்டும் என்று. அவன் செருப்பை விட்டுவிட்டு நாற்காலி நுனியில் உட்கார்ந்தான்.

"சார், லேப்ல போயி நெகட்டிவைப் பார்த்தேன். மூணு டேக்குக்கும் அவங்க ஒரே மாதிரிதான் பிரிண்ட் போட்டிருக்காங்க. எதையும் ஏத்தி இறக்கி சரிபண்ணல."

"அதுக்கென்ன?"

"பதினாறுல வச்ச வெளிச்சத்தோட கேமரா இருவத்தி நாலுல ஓடியிருந்தா ஒவ்வொரு ஃபிரேமுக்கும் வெளிச்சம் குறைஞ்சிருக்கும். மூணாவது டேக் இருண்டு வந்திருக்கணும் சார். எத்திராஜ் மொகம் கறுத்துல்ல இருக்கணும்? அப்படி இல்ல. யாரோ வேகத்தையும் கூட்டி, வளையத்தையும் சரியா அந்த அளவுக்குத் தொறந்திருக்காங்க."

நான் எழுந்து போய் முன்கதவைச் சாத்தினேன்.

"நான் டயலைத் திருப்பினேன்னே வச்சிக்கிட்டாலும், வளையத்தைத் தொட்டதில்ல சார். ஆறு வருஷத்துல ஒரு நாள் தொட்டதில்ல. அது உங்களுக்கே தெரியும்."

சுகிர்தம் காபி கொண்டுவந்தாள். அவன் முழுவதும் குடித்தான்.

"சங்கத்துல சொல்லப் போறியா?" என்றேன்.

"அங்க சொன்னா யாருக்கு சார் புரியும்? அசிஸ்டெண்ட் தப்பிக்கறதுக்குக் கதை கட்டறான்னுவாங்க. உங்களுக்குப் புரியும்னுதான் வந்தேன்." எழுந்து நின்றான். "அன்னிக்கு மரத்தடியில புரொடியூசர்கிட்ட என்ன பேசினேன்னு கேட்டீங்களே. அடுத்த படத்துக்கு என்னைக் கேமராமேனாப் போடறேன்னாரு. சார் இருக்கறப்ப வேணாம்னு சொல்லிட்டேன். சொன்னா நம்ப மாட்டீங்கன்னுதான் சொல்லல."

போய்விட்டான். அவன் சொன்னது பொய்யாக இருக்கலாம்.

25 செப்டம்பர்

மேஜைக்குப் புதுப் பூட்டு வாங்கினேன்.

26 செப்டம்பர்

சுகிர்தம் பூட்டைப் பார்த்துவிட்டாள். "எதுக்குங்க பூட்டு?" என்றாள். கேட்டுவிட்டேன், என் டைரியைப் படிக்கிறாயா என்று.

"தூசி தட்டும்போது ஏதோ நூல் விழுந்துச்சு. நீங்க வச்சதா இருக்கும்னு திருப்பி எடுத்து வச்சேன். அவ்வளவுதான். படிக்கிறதுக்கு அதுல என்ன இருக்கு? ரெண்டு வாரமா தூக்கத்துல நீங்க சொல்றதைக் கேட்டாலே போதும்."

"என்ன சொன்னேன்?"

"எத்திராஜ், சாஞ்சிருடா, சாஞ்சிருடான்னு."

ஆக, யாரும் படிக்கவில்லை. யாருக்குப் பயந்து இப்படி எழுதி வைத்தேன்? இத்தனை பக்கமும் நான் எனக்கே கொடுத்த பொய் வாக்குமூலம். வெட்கமாக இருக்கிறது. இப்போது உள்ளதை எழுதுகிறேன்.

அன்று டீ பிரேக்கில் இளவழகன் சொன்னது இது. "தயா, இதை நிஜ வேகத்துல எடு. கொடி பறக்குதுன்னு எவனும் இனிமே எழுதக் கூடாது. ஆனா மாஸ்டருக்குச் சொல்லாதே. எத்திராஜும் நிஜ வேகத்துக்கு வந்தா அவனுக்கு என்னால ஈடு கொடுக்க முடியாது. அவன் மெதுவா கைல நிக்கட்டும், நான் வேகமா அடிச்சிட்டுப் போறேன்." அதன் பிறகுதான் கலர் படம் பற்றிச் சொன்னார். அதற்கு முன்னால் இல்லை.

நான் டயலை இருபத்து நாலுக்குத் திருப்பினேன். அந்த வேகத்துக்கு ஈடாக வளையத்தை அரை ஸ்டாப்புக்குச் சற்றுக் கூடுதலாகத் திறந்தேன். கை பழக்கத்தில் தானாகத் திறந்தது, யோசிக்கக்கூட இல்லை. ஐம்பத்தொரு வயதுக்காரர் என்ன பெரிய வேகத்தில் வந்துவிடுவார் என்று நினைத்தேன். பிறகு கையை உயர்த்தி இரண்டு விரல் காட்டினேன்.

28 செப்டம்பர்

சங்கக் கட்டடம், காலை பதினொரு மணி. இருபது, இருபத்தைந்து சண்டைக்காரர்கள் சுவரோரமாக நின்றார்கள். முன்னால் மாஸ்டரும் சங்கச் செயலாளரும். இளவழகன் வரவில்லை, கடிதம் அனுப்பியிருந்தார். பூவராகன் கடைசி பெஞ்சில். எத்திராஜைத் தேசம்மா கையைப் பிடித்து அழைத்துவந்தாள்.

என்னைக் கேட்பதற்கு முன்னாலேயே எத்திராஜ் எழுந்துவிட்டான்.

"தலைவரே, யாரையும் கேக்க வேணாம். தப்பு என்னுது. நான்தான் அசந்துட்டேன். அந்த அசிஸ்டெண்டு சாருக்குக் கொழந்தைங்க கீது, அவரு பொழப்புல கை வெக்காதீங்க. எழுதிக்கோங்க, எத்திராஜ் மேலதான் தப்புன்னு."

செயலாளர் எழுதிக்கொண்டார். எனக்கு முதலில் தோன்றியது என்ன தெரியுமா? இவனுக்கு இளவழகன் ஆள் அனுப்பிப் பேசச் சொல்லியிருக்கிறார் என்று. அந்த நேரத்திலும் எனக்கு அப்படித்தான் தோன்றியது.

"ஒண்ணே ஒண்ணு கேட்டுக்கறேன்" என்றான் எத்திராஜ். "எனக்கு வேற தொழில் தெரியாது. ஒத்தக் கண்ணுல கம்பு எத்தினி தூரத்துல வருதுன்னு தெரிய மாட்டேங்குது. நிஜ வேகத்துக்கு நான் லாயக்கில்ல. மெதுவா கை ஷாட்டுக்கு மட்டும் என்னைப் போடுங்க. தயாபரன் சார் படமா இருந்தா போதும். சாரு ரெண்டு வெரலு காட்டிட்டா நான் இருக்கற கண்ணையும் மூடிக்கினு நிப்பேன்."

நான் எழுந்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். டயல், வளையம், விரல், இளவழகன் கேட்டது, கலர் படம், பூவராகன் பெயரை நான் எழுதிக் கொடுத்தது, எல்லாம். சொல்லி முடித்ததும் ஒருவரும் அடிக்க வரவில்லை. அடிப்பார்கள் என்று எதிர்பார்த்தேன்.

எத்திராஜ் மட்டும் கேட்டான். "தெரிஞ்சேவா சார் காட்டுனீங்க?"

"ஆமா."

அவன் செயலாளரிடம் திரும்பி, "நான் சொன்னத அடிச்சிடுங்க" என்றான்.

2 அக்டோபர்

சங்கத்தின் முடிவு தபாலில் வந்தது. என் கேமராவுக்கு முன்னால் இனி எந்தச் சண்டைக்காரனும் நிற்க மாட்டான். இனிமேல் விரலை நம்ப வேண்டாம், ஒவ்வொரு ஷாட்டுக்கும் மாஸ்டரே வந்து முள்ளைப் பார்க்க வேண்டும் என்றும் எழுதியிருக்கிறார்கள். சரிதான். பூவராகனை வேலைக்குக் கூப்பிட்டுவிட்டார்கள், மீதிப் படத்தை அவன்தான் எடுக்கிறான்.

இளவழகன் பேப்பரில் அறிக்கை விட்டிருக்கிறார். தனக்குக் கேமராவைப் பற்றி ஒன்றுமே தெரியாதாம். தன் தவறை மறைக்க ஒரு தொழில்நுட்பக் கலைஞர் தன் பெயரை இழுத்துவிட்டது மனவேதனை தருகிறதாம். எத்திராஜுக்காகப் பிரார்த்திக்கிறாராம். வாசித்துக் காட்டினேன். சுகிர்தம், "அவர் கேட்டதுக்கு யாராவது சாட்சி உண்டா?" என்றாள். இல்லை. டீ குடித்த இடத்தில் இரண்டே பேர்தான் இருந்தோம்.

கறிகாய்க் கடைக்காரர்கூட இன்று என்னை ஒரு மாதிரி பார்த்தார். இது என் கற்பனை இல்லை.

5 அக்டோபர்

ஞாயிற்றுக்கிழமை. சர்ச்சுக்குப் போய்விட்டு வந்து பார்த்தால் வாசலில் எத்திராஜ். தனியாக பஸ் பிடித்து வந்திருக்கிறான். கட்டு இல்லை, கறுப்புக் கண்ணாடி. உள்ளே கூப்பிட்டேன், படியிலேயே நின்றான். சுகிர்தம் கொடுத்த தண்ணீரை வாங்கிக் குடித்தான்.

"ஒண்ணு கேட்டுட்டுப் போலாம்னு வந்தேன் சார். மாஸ்டரு வேணாம்னாரு. எனக்குத்தான் தூக்கம் வரல."

"கேளு எத்திராஜ்."

"ஹீரோ கேட்டாருன்னு சொன்னீங்களே. நான் மெதுவா நிக்கட்டும், அவரு வேகமா அடிக்கறேன்னு. அது நெசமா? அவரு வாயால சொன்னாரா?"

"நெசம். அவர்தான் சொன்னார். ஒரு வார்த்தை கூட்டியோ குறைச்சோ நான் சொல்லல."

அவன் கண்ணாடியைக் கழற்றினான். இருக்கிற கண்ணால் என் முகத்தை நெற்றியிலிருந்து தாடை வரை பார்த்தான். கம்பு எவ்வளவு தூரத்தில் வருகிறது என்று பார்க்கிறவனைப் போல மெதுவாகப் பார்த்தான். நான் அசையவில்லை. என் வாழ்க்கையில் அந்த நிமிஷத்தில் சொன்ன அளவுக்கு வேறு எப்போதும் நான் உண்மை சொன்னதில்லை. அவன் நம்ப வேண்டும் என்று மனதுக்குள் கெஞ்சினேன்.

கண்ணாடியை மறுபடி போட்டுக்கொண்டான்.

"நம்ப முடியல சார்" என்றான். டம்ளரைச் சுகிர்தத்திடம் கொடுத்துவிட்டு, பஸ் ஸ்டாப் எந்தப் பக்கம் என்று அவளிடம் கேட்டுக்கொண்டு போனான்.